பின்கோட்டில் விழுந்த ஷட்டில் குறித்து

1. இதை எழுதுபவன் காரைக்காலில் பிறந்து, காரைக்காலிலேயே முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக வழக்கறிஞர் தொழில் நடத்திவருபவன். வயது அறுபதைக் கடந்தவன். கண்ணாடி அணிந்தால் பார்வை தெளிவாக உள்ளவன்.

2. கீழே விவரிக்கப்படும் நிகழ்ச்சி நடந்த காலத்தில் கண்ணாடி தேவைப்படாதவன். நிகழ்ச்சியைப் பிறர் சொல்லக் கேட்டவன் அல்ல, நேரில் கண்டவன்.

3. யாருடைய வற்புறுத்தலும் இன்றி இதை எழுதுபவன். உன் அம்மா வற்புறுத்தியது எழுதச் சொல்லி அல்ல, வேறொன்றுக்காக. அது உரிய இடத்தில் வரும்.

4. உன் அப்பா. இதை நான்காவதாக எழுதியிருக்கிறேன் என்பதை எழுதி முடித்த பிறகுதான் கவனித்தேன். அடித்துவிட்டு மேலே கொண்டுபோகலாம் என்று தோன்றியது. இருக்கட்டும், உன்னிடம் நான் நடந்துகொண்ட வரிசையும் இதுதான் என்று அப்படியே விட்டுவிட்டேன்.

பவித்ரா,

சென்ற ஞாயிற்றுக்கிழமை ஹைதராபாத்திலிருந்து நீ பேசியதை நான் மறுபடி மறுபடி எனக்குள் படித்துப்பார்த்துக்கொண்டிருக்கிறேன். விளையாட்டு வீரர்களுக்கான ஒதுக்கீட்டில் அரசு வேலை வந்திருக்கிறது, புதுச்சேரியில் பணியிடம், இந்த மாத இறுதிக்குள் சம்மதம் எழுதிக் கொடுக்க வேண்டும், கொடுத்துவிட்டால் ஒற்றையர் ஆட்டத்தை விட்டுவிடப்போகிறேன் என்றாய். வழக்குக்கு வரும் கட்சிக்காரர்கள் எல்லோரிடமும் சொல்வதைப் போலவே உன்னிடமும், "யோசிச்சு செய்ம்மா" என்றேன். "யோசிச்சிட்டேன்ப்பா. முழங்கால் வலியெல்லாம் சமாளிச்சிடுவேன். ஆனா எனக்குக் கோடு தெரியல. கோடு தெரியாதவ எத்தன நாளைக்கு விளையாடறது? சின்ன வயசுலேந்தே எனக்குத் தெரியாதுன்னு உங்களுக்குத்தான் தெரியுமே, நீங்கதானே மொதல்ல கண்டுபுடிச்சீங்க" என்று சொல்லிச் சிரித்தாய். நான் சரி என்று சொல்லி ஃபோனை உன் அம்மாவிடம் கொடுத்துவிட்டு வாசலுக்குப் போய் நின்றேன்.

ஒருவர் தன் வாழ்க்கையைப் பற்றி எந்த முடிவை வேண்டுமானாலும் எடுக்கலாம். அதில் தலையிட எனக்கு உரிமை இல்லை, ஆசையும் இல்லை. ஆனால் நீ எடுக்கப்போகும் முடிவு ஒரு சாட்சியத்தின் மேல் நிற்கிறது. அந்தச் சாட்சியத்தைக் கொடுத்தவன் நான். அது பொய். உன் கையெழுத்து அந்தத் தாளில் விழுவதற்கு முன் இது உனக்குத் தெரிந்தாக வேண்டும். இந்தக் கடிதத்தின் நோக்கம் அவ்வளவுதான். தெரிந்த பிறகும் நீ அதே வேலையை ஏற்றுக்கொண்டால், உன் முதல் நாள் பணிக்கு நானே வண்டியில் கொண்டுபோய் விடுவேன்.

உனக்கு அப்போது பதினொரு வயது. பதிமூன்று வயதுக்குட்பட்டோருக்கான மாவட்ட இறுதியாட்டம். எதிரே ரிஸ்வானா. நம் ஊர் உள்விளையாட்டரங்கத்தின் கிழக்குக் கதவுகளைப் புழுக்கம் தாங்காமல் திறந்து வைப்பார்கள் என்பதும், பிற்பகலில் அந்த வழியே கடற்காற்று உள்ளே வந்து ஷட்டிலை இழுக்கும் என்பதும் உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. வெளியூர்ப் பிள்ளைகள் அந்தக் காற்றைத் திட்டுவார்கள். நீ அதைக் கணக்கில் சேர்த்து ஆடக் கற்றிருந்தாய். அந்த வயதில் அது எவ்வளவு பெரிய விஷயம் என்பது எனக்கு அன்று தெரியாது. பிறகு உன் ஆட்டங்களைப் பார்த்துப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன்.

நம் ஊர் இறகுப்பந்துக் கழகத்தில் சிறுவர் ஆட்டங்களுக்குக் கோட்டு நடுவர்களாகப் பெற்றோர்களே உட்காருவது வழக்கம். ஆனால் தன் பிள்ளை ஆடும் களத்தில் யாரும் உட்காருவதில்லை. எழுதப்பட்ட விதி அல்ல. எல்லோரும் மதித்து வந்த ஒழுங்கு. அன்று பின்கோட்டுக்கு நியமிக்கப்பட்டிருந்த கல்லூரி மாணவன் ஊருக்குப் போகும் கடைசி நேரடிப் பேருந்தைப் பிடிக்கக் கிளம்பிவிட்டான். ஆட்ட நடுவராக உயர நாற்காலியில் இருந்தவர் சொல்தா. பிரெஞ்சுப் படையில் இருந்து ஓய்வு பெற்று, பென்ஷன் வாங்கிக்கொண்டு, கழகமே கதியாக இருந்த அந்த மனிதரை ஊரே அப்படித்தான் அழைத்தது. வக்கீல்களை மேத்ர் என்று கூப்பிடும் பழைய பிரெஞ்சு வழக்கம் அவரிடம் இருந்தது. "மேத்ர், நீங்களே உக்காந்துடுங்களேன். நீங்க உக்காந்தா யாரு கேள்வி கேக்கப் போறாங்க" என்றார். நீதிபதி தனக்கு உறவுள்ள வழக்கை விசாரிக்கலாகாது என்பது சட்டம் படித்தவன் முதல் ஆண்டிலேயே கற்கும் பாடம். எழுந்து, என் பெண் ஆடுகிறாள், நான் உட்காரக் கூடாது என்று ஒரு வாக்கியம் சொல்லியிருந்தால் போதும். நான் சொல்லவில்லை. 'யாரு கேள்வி கேக்கப் போறாங்க' என்ற சொல் என் காதுக்கு இனிமையாக இருந்தது. போய் உட்கார்ந்தேன்.

அதற்குச் சற்று முன் நடந்த இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அரையிறுதியில் உன் அடிகள் இரண்டு மூன்று கோட்டை ஒட்டி உள்ளே விழுந்தன. உணவு இடைவேளையில் வெளியே டீக்கடையில் நான் நின்றிருந்தபோது, முதுகுக்குப் பின்னால் ஒருவர், "வக்கீல் பொண்ணுக்கு லைனே வளைஞ்சு குடுக்குது பாத்தியாண்ணே" என்றார். "வளையாதா பின்ன? நாளைக்கு அதுமேல கேஸு போட்டுட்டா?" என்றார் மற்றவர். இருவரும் சிரித்தார்கள். நான் திரும்பிப் பார்க்கவில்லை. டீயை முழுதாகக் குடித்துவிட்டுத்தான் நகர்ந்தேன். ஆனால் அந்தச் சிரிப்பை எடுத்துக்கொண்டுதான் நாற்காலியில் அமர்ந்தேன்.

மூன்றாவது செட்டின் கடைசி. ரிஸ்வானா இருபது, நீ பத்தொன்பது. நீ வலைக்கு அருகிலிருந்து உயரத் தூக்கி அடித்தாய். அரங்கத்தில் இருந்த எல்லோரும் அது வெளியே போகிறது என்று நினைத்தார்கள். ரிஸ்வானாவும் அப்படியே நினைத்து, மட்டையைத் தாழ்த்திக்கொண்டு விட்டுவிட்டாள். மேலே போன ஷட்டிலைக் காற்று பிடித்து நிறுத்தியது. பிறகு நேராகக் கீழே இறங்கியது. நான் கோட்டின் நேர்நீட்டத்தில், அதைத் தவிர வேறு எதையும் பார்க்கத் தேவையில்லாத இடத்தில் இருந்தேன். ஷட்டிலின் தக்கை கோட்டின் வெள்ளையின் மேல் விழுந்தது. கோடும் களத்தைச் சேர்ந்ததே என்பது விதி. நான் வலது கையால் கோட்டைச் சுட்டிக்காட்டியிருக்க வேண்டும். அதற்குப் பதிலாக இரண்டு கைகளையும் பக்கவாட்டில் விரித்து, அரங்கமே கேட்கும்படி வெளியே என்று கூவினேன்.

சொல்தாவுக்கு ஐயம் இருந்திருக்க வேண்டும். நாற்காலியிலிருந்து குனிந்து, "மேத்ர், நிச்சயமா?" என்று கேட்டார். சாட்சிக் கூண்டில் நிற்பவர்களிடம் நான் ஆயிரம் முறை கேட்ட கேள்வி அது. எத்தனையோ பேர் அந்த ஒரு கேள்வியில் உடைந்து உண்மையைச் சொல்லியிருக்கிறார்கள். நான் உடையவில்லை. மறுபடியும் கைகளை விரித்தேன். முதல் முறை கை தானாகப் போய்விட்டது என்று சொல்ல ஓர் இடுக்காவது இருக்கிறது. இரண்டாவது முறைக்கு எதுவும் இல்லை.

கோட்டு நடுவருக்கு மூன்றாவதாக ஒரு சைகை உண்டு. ஷட்டில் விழுந்த இடம் தெரியாவிட்டால் இரு கைகளாலும் கண்களை மூடிக்காட்டலாம். பல ஆண்டுகளாக நான் எனக்குள், அன்று ரிஸ்வானாவின் கால் மறைத்தது, உண்மையில் தெரியவில்லை, கண்ணை மூடிக்காட்டாததுதான் என் பிழை என்று வாதாடி வந்தேன். அந்த வாதத்தை இங்கே திரும்பப் பெறுகிறேன். எதுவும் மறைக்கவில்லை. பார்த்தேன்.

ஆட்டம் முடிந்ததும் ரிஸ்வானாவின் தகப்பனார் என்னிடம் வந்தார். துபாயிலிருந்து விடுப்பில் வந்தவர், மகள் ஆடுவதை முதல்முறையாகப் பார்த்தவர். என் கையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு, "பெத்த பொண்ணுக்கே வெளியன்னு சொன்னீங்களே சார். உங்கள மாதிரி ஆளுங்க இருக்கிறதாலதான் ஊரு நிக்கிது" என்றார். கண் கலங்கியிருந்தது. நல்ல மனிதர், மனமாரச் சொன்னார். அந்த வார்த்தையை நான் வாங்கிக்கொண்டேன். அது ஊரில் பரவியது. பெற்ற மகளுக்கே அவுட் கொடுத்த வக்கீல் என்று நீதிமன்ற வளாகத்தில் பேசிக்கொண்டார்கள். அதைச் சொல்லிக்கொண்டே என்னிடம் வழக்கு கொண்டுவந்தவர்கள் உண்டு. கறுப்பு அங்கியைப் போல அந்தப் பெயரையும் மாட்டிக்கொண்டு நான் நடந்திருக்கிறேன்.

நீ அரங்கத்தில் அழவில்லை. கடற்கரைச் சாலையில் வண்டியை நிறுத்தி உனக்குப் பன்னீர் சோடா வாங்கிக் கொடுத்தேன். நீ குடிக்காமல் பாட்டிலை ஆட்டி உள்ளே கோலிக்குண்டு உருளுவதைப் பார்த்துக்கொண்டிருந்தாய். பிறகு கேட்டாய்.

"அப்பா, அது உள்ளதானப்பா விழுந்துச்சு?"

"நீ எங்க நின்ன?"

"இந்தப் பக்கம். நெட்டுகிட்ட."

"அது விழுந்தது?"

"அந்தப் பக்கம். கடைசில."

"நின்னு பாத்தியா, ஓடிக்கிட்டே பாத்தியா?"

"நடுவுக்கு ஓடியாந்துக்கிட்டே."

"நடுவுல வலை இருந்துச்சா இல்லியா?"

"இருந்துச்சு."

"அப்ப, ஓடிக்கிட்டே, வலை வழியா, அவ்வளவு தூரத்துல, ரெண்டு வெரல் அகலக் கோட்டுமேல விழுந்தத நீ பாத்தேங்குற."

நீ பாட்டிலை ஆட்டுவதை நிறுத்தினாய். பிறகு, "பாக்கலப்பா. ஆனா அடிக்கும்போதே கையில தெரிஞ்சிச்சு" என்றாய்.

"கையெல்லாம் சாட்சி சொல்லாதும்மா. கண்ணால பாத்தியா, இல்லியா?"

"தெரியலப்பா."

"தெரியலன்னா தெரியலன்னு ஒத்துக்கணும். உனக்கு அந்தத் தூரத்துல கோடு சரியாத் தெரியல. அதுல ஒண்ணும் தப்பில்ல."

தலையாட்டினாய். சோடாவைக் குடித்தாய். நான் நடத்திய குறுக்கு விசாரணைகளில் அவ்வளவு சுருக்கமாக, அவ்வளவு முழுமையாக வென்றது வேறு எதுவும் இல்லை. உண்மையைச் சொன்ன ஒரு சாட்சியை, அவள் பொய் சொல்லவில்லை, ஆனால் அவளுக்குத் தெரியாது என்று அவளையே ஒப்புக்கொள்ள வைத்தேன். எதிரே நின்றது பதினொரு வயதுப் பிள்ளை. அந்தப் பிள்ளைக்கு என்னைத் தவிர வேறு வக்கீல் கிடையாது.

கோப்பை போனதைப் பற்றி நான் எழுதவில்லை. அடுத்த ஆண்டே நீ மாநிலத்துக்கு ஆடப் போய்விட்டாய். நான் எடுத்தது வேறு. அதை எடுத்தேன் என்பது எனக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தெரிந்தது. பதினைந்து வயதில் நீ ஹைதராபாத் பயிற்சிக்கூடத்துக்குக் கிளம்பியபோது, ரயில் நகரும் வரை சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நான் சொன்ன புத்திமதி நினைவிருக்கிறதா? நடுவர் சொன்னால் சொன்னதுதான், யாரோடும் வாதாடாதே என்றேன். நீ அதைக் கீழ்ப்படிதலோடு கொண்டுபோனாய். இரண்டு ஆண்டு கழித்து உன் பயிற்சியாளர், நீ எந்த அடியையும் கோட்டுக்கு ஒரு மட்டை நீளம் உள்ளேயே போடுகிறாய், எதிராளிகள் அதைக் கண்டுகொண்டுவிட்டார்கள், களம் உனக்கு மட்டும் சிறியதாகிவிட்டது என்று சொன்னதாக எழுதியிருந்தாய். கண் மருத்துவரிடம் அனுப்பினார்கள். குறையே இல்லை என்று அவர் சொல்லிவிட்டார். "கண்ணு நல்லாத்தான் இருக்காம்ப்பா. அப்புறம் ஏன்ப்பா?" என்று கேட்டாய். அந்தக் கேள்விக்கு விடை தெரிந்த ஒரே மனிதன் நான். மனதை ஒருமுகப்படுத்தப் பழகு என்று பதில் எழுதினேன்.

பிறகு அந்த ஐரோப்பியப் போட்டி. தகுதிச் சுற்றுகளைக் கடந்து, பெரிய போட்டி ஒன்றின் முதன்மைச் சுற்றில் நீ முதல்முறையாக ஆடினாய். கேமராக்கள் உள்ள களம். கோட்டு நடுவரின் தீர்ப்பில் ஐயம் இருந்தால் கை தூக்கிக் காணொளி மறுபரிசீலனை கேட்கும் உரிமை உள்ள களம். நானும் உன் அம்மாவும் கைபேசியைச் சொம்பில் சாய்த்து வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தோம். மூன்றாவது செட்டில், சமநிலையில் இருந்தபோது, உன் அடி ஒன்று பின்கோட்டில் விழுந்தது. அங்கிருந்த கோட்டு நடுவர் கைகளை விரித்தார். உன் அம்மா, "கையத் தூக்குடி, கையத் தூக்கு" என்று கைபேசியிடம் கெஞ்சினாள். நீ ஒரு கணம் அந்த இடத்தைப் பார்த்தாய். உன் வலது கை இடுப்புவரை வந்தது. பிறகு மட்டையின் நரம்புகளைச் சரிசெய்துகொண்டு திரும்பி நடந்தாய். நீ கேட்காவிட்டாலும் அவர்கள் திரையில் போட்டுக்காட்டினார்கள். தக்கை முழுவதும் கோட்டின் மேல் இருந்தது. இந்தப் பெண் ஏன் கேட்கவில்லை என்று வர்ணனையாளர் இரண்டு முறை கேட்டார். "ஏங்க இவ கேக்க மாட்டேங்குறா? கேட்டா என்ன வாயில முத்தா உதிந்துடும்?" என்றாள் உன் அம்மா. "அவளுக்கு நிச்சயமில்லையோ என்னவோ" என்றேன். இடுப்புவரை வந்து நின்ற அந்தக் கையைத் தடுத்தது விரிந்திருந்த என் கைகள் என்று சொல்லியிருக்கலாம். அன்று சொல்லியிருந்தால் உனக்கு இன்னும் சில ஆண்டுகள் கிடைத்திருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை உன் குரலைக் கேட்ட பிறகு, மறுநாள் உன் அம்மா பள்ளியிலிருந்து திரும்பி வந்ததும் எல்லாவற்றையும் சொன்னேன். விழிதியூர்ப் பள்ளிப் பிள்ளைகளின் தேர்வுத்தாள்களைத் திருத்திக்கொண்டிருந்தாள். சிவப்புப் பேனாவை மூடி வைத்தாள். "நான் அன்னிக்கு வரல. வந்துருந்தா அந்த நாக்காலில உங்கள உக்கார விட்டுருக்க மாட்டேன்" என்றாள். இதை உனக்கு எழுதப்போகிறேன் என்றேன். "எழுதிப்புட்டு ஒளிஞ்சிக்காதீங்க. கொண்டுபோயி அவ கையில குடுங்க. படிச்சு முடிக்கிற வரைக்கும் எதுத்தாப்புல உக்காருங்க." நீ கோபித்துக்கொண்டால் என்ன செய்வது என்று கேட்டேன். "கோவிச்சிக்கட்டும். வாய்தா கேக்காதீங்க" என்று சொல்லிவிட்டு மறுபடி பேனாவைத் திறந்தாள். ஆகையால் இது தபாலில் வரவில்லை. இதை நீ படித்துக்கொண்டிருக்கும்போது எதிரே நான் உட்கார்ந்திருப்பேன்.

சாட்சி இல்லாத வாக்குமூலத்துக்கு மதிப்பில்லை என்பதால் ரிஸ்வானாவைத் தேடிப் போனேன். பாரதியார் வீதியில் அவள் நடத்தும் மருந்துக்கடை உனக்குத் தெரியும். "வாங்க அங்கிள், பிரஷர் மாத்திரையா?" என்றாள். அந்த இறுதியாட்டம் நினைவிருக்கிறதா என்று கேட்டேன். மாத்திரை அட்டையை வெட்டிக்கொண்டிருந்த கத்தரிக்கோலைக் கீழே வைத்தாள்.

"பவியோட கடைசி லிஃப்ட்டா? அது உள்ள அங்கிள். வெளிய போயிடும்னு விட்டேன், காத்து இழுத்துக்கிச்சு. என் காலுகிட்டதான விழுந்துச்சு."

தொழில் பழக்கம், என்னையும் மீறிக் கேட்டுவிட்டேன். "அப்ப ஏம்மா நீ சொல்லல?"

"நீங்க ஏன் அங்கிள் சொல்லல?"

அவளே தொடர்ந்தாள். "எனக்குப் பன்னெண்டு வயசு. எங்க வாப்பா துபாய்லேந்து வந்து மொத வரிசைல உக்காந்துருக்காங்க. நீங்க பெரியவங்க, வக்கீலு. நீங்களே வெளியன்னா நான் என்னத்த சொல்ல? ஒரு வருஷம் அவ மொகத்த பாக்கவே கூச்சமா இருந்துச்சு. அவ என்னைய ஒருவாட்டி கேட்டுருந்தாக்கூட சொல்லிருப்பேன். கேக்கவே இல்ல. உங்க மேல அவ்ளோ நம்பிக்கை." கடை மேசையில் பேனாக்கள் போட்டுவைத்திருந்த சிறிய பரிசுக்கோப்பையை அப்போதுதான் கவனித்தேன். நான் பார்ப்பதை அவளும் பார்த்தாள். "அதேதான். வேணும்னா பவிய எடுத்துட்டுப் போகச் சொல்லுங்க. பேனாவ மட்டும் வச்சிட்டுப் போகச் சொல்லுங்க" என்றாள். ஒரு பிள்ளைக்குத்தான் கெடுதல் செய்தேன் என்று எண்ணிப் போனவன், இரண்டு பிள்ளைகளுக்குச் செய்திருக்கிறேன் என்று தெரிந்து திரும்பினேன்.

இது ஏன் எல்லோரும் படிக்கும் கடிதமாக இருக்க வேண்டும் என்று நீ கேட்கலாம். கழகத்தின் ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டுச் செயலாளர் வந்திருந்தார். "சார், அந்த லைன் கதைய எழுதுங்க சார். நடுநிலைன்னா என்னன்னு பசங்களுக்குத் தெரியட்டும்" என்றார். எழுதுகிறேன் என்று சொல்லியிருக்கிறேன், கொடுக்கப்போவது இந்தக் கடிதத்தைத்தான். என் தீர்ப்பு அரங்கம் நிறைந்த கூட்டத்தின் முன்னால் சொல்லப்பட்டது. அதன் திருத்தத்தை உன் காதில் மட்டும் சொல்லிவிட்டு, ஊரில் அந்தப் பழைய பெயரோடு நடமாடுவது முறையல்ல. இருந்தாலும் இதில் உன் பெயரும் இருப்பதால், உன் சம்மதம் இல்லாமல் இது அச்சுக்குப் போகாது. நீ வேண்டாம் என்றால் செயலாளரிடம் நான் நேரில் போய், அந்தக் கதை பொய் என்று மட்டும் சொல்லிவிடுவேன்.

நடுநிலையாக இருப்பதும், நடுநிலையாக இருப்பவன் என்று பெயரெடுப்பதும் வேறு வேறு. அந்த நாற்காலியில் எனக்கு இரண்டில் ஒன்றுதான் கிடைக்கும் என்ற நிலை வந்தபோது நான் பெயரைத் தேர்ந்தெடுத்தேன். அதற்கு உன்னைக் கொடுத்தேன். இதற்கு மேல் விளக்கம் எழுதினால் அது எனக்கு ஆதரவான வாதமாகிவிடும் என்பதால் நிறுத்திக்கொள்கிறேன். மன்னிப்பும் நான் இங்கே கேட்கவில்லை. கேட்டால் கொடுக்க வேண்டிய கடமை உன் தலையில் வந்து விழும், நீ அப்படிப்பட்டவள்.

ஆனால் ரயிலடியில் சொன்ன அந்தப் புத்திமதியைத் திரும்பப் பெற எனக்கு உரிமை உண்டு. அதற்குப் பதிலாக இதை வைத்துக்கொள். நீ ஆடினாலும் சரி, அலுவலக நாற்காலியில் உட்கார்ந்தாலும் சரி, நாளை ஒரு வீட்டுக்கு மருமகளாகப் போனாலும் சரி, நீ அறிந்த ஒன்றை ஒருவர் இல்லை என்று கூவினால் கையைத் தூக்கு. அவருக்கு வயதிருக்கலாம், படிப்பிருக்கலாம், உன்மேல் உண்மையான அன்பும் இருக்கலாம். நிச்சயமா என்று கேள். அவர் மறுபடியும் கைகளை விரித்தால், பக்கத்தில் நின்றவர்களைக் கேள். நீ தவறாகவும் இருக்கலாம். அப்போது அந்தத் தவறு உன்னுடையதாக இருக்கும், அதைத் திருத்திக்கொள்ள உனக்குத் தெரியும். முழங்காலுக்காக ஆட்டத்தை விடுவதானால் விடு. பயணம் அலுத்துவிட்டது என்றோ, நம் வீட்டுச் சோறு வேண்டும் என்றோ விடுவதானாலும் விடு. கோடு தெரியவில்லை என்று மட்டும் விடாதே. உனக்குக் கோடு தெரியும். காற்று எவ்வளவு இழுக்கும் என்பதையும் சேர்த்து, வலைக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு, பதினொரு வயதிலேயே தெரியும்.

என் அறிவுக்கு எட்டியவரை உண்மை என்று வாக்குமூலத்தின் முடிவில் எழுதுவது எங்கள் வழக்கம். தப்பித்துக்கொள்ள ஒரு சிறு வழியை விட்டுவைக்கும் வாசகம் அது. இங்கே அதை எழுதவில்லை. மேலே சொன்னவை உண்மை.

சாட்சிகள் இருவர் வேண்டும். வழக்கமாக அவர்கள் எழுதியவரின் கையொப்பத்துக்கு மட்டுமே சாட்சி. உள்ளே இருக்கும் விஷயத்துக்கு அல்ல. இந்தப் பத்திரத்தில் அப்படி இல்லை. முதல் இடத்தில் ரிஸ்வானா கையெழுத்திட்டுவிட்டாள். இரண்டாவது இடத்தை உன் அம்மாவுக்கு என்று நினைத்தேன். நான் பார்க்கவில்லையே, நான் எப்படிப் போடுவது என்று அவள் மறுத்துவிட்டாள். அவள் சொன்னதுதான் சரி. அன்று அங்கே இருந்து, அறிந்து, என்னால் கூண்டிலிருந்து இறக்கிவிடப்பட்ட இன்னொரு சாட்சி இருக்கிறாள். அந்த இடத்தைக் காலியாக விட்டு எடுத்துக்கொண்டு வருகிறேன். பேனாவும் கொண்டுவருகிறேன். நீ போடாவிட்டாலும் எனக்கு விளங்கும்.

(ஒப்பம்)
உன் அப்பா
காரைக்கால்

சாட்சிகள்:

1. ரிஸ்வானா. வெளியே போகும் என்று விட்டவள். உள்ளேதான் விழுந்தது.

2. பவித்ரா. அடித்தவள். அன்னிக்கே கையில தெரிஞ்சிச்சு.